குன்றுவது எது?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம்.

சென்ற ஞாயிற்றுக்கிழமை தங்கள் நாளிதழின் இணைப்பில், அறிவு வளர்ச்சியைத் தாமதப்படுத்தும் பிறவி நிலையான டவுன் சிண்ட்ரோமுடன் பிறக்கும் குழந்தைகளைப் பற்றி வெளிவந்த மருத்துவக் கட்டுரையில், கருமுட்டையையும் விந்தணுவையும் உண்டாக்கும் செல் பகுப்பைக் குறிக்கும் 'குன்றல் பகுப்பு' என்னும் சொல் ஐந்து இடங்களில் வருகிறது. அவற்றில் மூன்று இடங்களில் அது தவறான பொருளில் ஆளப்பட்டிருக்கிறது. கட்டுரையின் நோக்கம் நல்லது என்பதிலோ, எழுதியவர் உழைத்து எழுதியிருக்கிறார் என்பதிலோ எனக்கு ஐயமில்லை. ஆனால் 'தாயின் உடலில் ஏற்படும் குன்றல் பகுப்பே குழந்தையின் வளர்ச்சி குன்றுவதற்குக் காரணம்' என்ற வரியையும், 'குன்றல் பகுப்பைத் தடுக்க முடியுமா?' என்ற துணைத் தலைப்பையும் படித்துவிட்டுப் பேசாமல் இருக்க முடியவில்லை. மும்பையில் ஒரு மருத்துவமனையின் குரோமோசோம் ஆய்வகத்தில் முப்பத்தோர் ஆண்டுகள் தொழில்நுட்பராக வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் என்பது நான் எழுதுவதற்கு ஒரு காரணம். அந்த வரியைப் படித்த ஒருவர் மறுநாள் காலையிலேயே கத்தரித்த தாளோடு என் வீட்டு வாசலில் வந்து நின்றது இன்னொரு காரணம்.

சயான் கோலிவாடாவில் எங்களுக்கு அடுத்த கட்டடத்தில் குடியிருக்கும் இளம்பெண் அவர். ஊர் திருநெல்வேலிப் பக்கம். இரண்டு வயது மகளுக்கு டவுன் சிண்ட்ரோம் என்று பரிசோதனையில் தெரிந்து ஓராண்டுக்கும் மேலாகிறது. ஆய்வறிக்கையை அப்போதே என்னிடம் காட்டியிருந்தார். மருத்துவர் சொன்னதை நானும் ஒருமுறை தமிழில் எடுத்துச் சொல்லியிருந்தேன். ஓரளவு தேறியும் இருந்தார். இப்போது வந்து நின்று, "அண்ணாச்சி, எனக்குள்ள அது குன்றிப் போனதுனாலதான் பிள்ளைக்கு இப்படி ஆயிட்டா? மாசமா இருக்கையில நான் ஒழுங்காச் சாப்பிடலன்னு எங்க அத்தை சொல்லுதது நெசந்தானா?" என்று கேட்டார். கையில் இருந்த துண்டில் 'குன்றல் பகுப்பு' என்ற சொல்லின் கீழே பேனாவால் இரண்டு கோடுகள் போட்டிருந்தார்.

அவர் கேட்டதில் தமிழறிந்தவர் எவரும் குறை காண முடியாது. குன்றுதல் என்றால் குறைதல், வாடுதல், தேய்தல் என்றுதான் நாம் எல்லோரும் கொள்கிறோம். உடல் குன்றிப்போனார் என்கிறோம், மனம் குன்றினார் என்கிறோம், புகழ் குன்றவில்லை என்கிறோம். எல்லாவற்றுக்கும் மேலாக, 'மனவளர்ச்சி குன்றியோர்' என்ற தொடரைப் பெயர்ப்பலகைகளிலும் அரசு விண்ணப்பங்களிலும் ஒரு தலைமுறைக்கு மேலாகப் பார்த்துப் பழகியிருக்கிறோம். அந்தத் தொடரின் நினைவு நீங்காத காதில், அறிவு வளர்ச்சியில் பின்தங்கிய ஒரு குழந்தையைப் பற்றிய கட்டுரையில், 'குன்றல் பகுப்பு' என்று விழுந்தால், குன்றிப்போன பகுப்பு, அதாவது பழுதுபட்ட ஒரு பகுப்பு என்றே அது கேட்கும். கட்டுரையாசிரியருக்கும் அப்படியேதான் கேட்டிருக்கிறது என்பதற்கு அந்தத் துணைத் தலைப்பே சான்று. குன்றல் பகுப்பைத் தடுத்துவிட்டால் கருமுட்டையும் இல்லை, விந்தணுவும் இல்லை, குழந்தையும் இல்லை. என் தாயின் உடலில் அது ஒழுங்காக நடந்ததால்தான் நான் இருந்து இந்தக் கடிதத்தை எழுதுகிறேன்.

தமிழ்நாட்டுப் பாடநூல்களில் மியாசிஸ் என்பதற்கு வழங்கும் பெயர் குன்றல் பகுப்பு. மனித உடலின் செல்களில் பொதுவாக 46 குரோமோசோம்கள், அதாவது மரபுச் செய்தியைத் தாங்கும் டி.என்.ஏ. இழைகள், உண்டு. தாய்வழி 23, தந்தைவழி 23, ஆக 23 இணைகள். தோல் தேய்ந்து புதுத்தோல் வருவதும், வெட்டுக்காயம் ஆறுவதும், கருவிலிருக்கும் குழந்தை வளர்வதும் மைட்டாசிஸ் என்னும் பகுப்பால் நடப்பவை. அதில் ஒரு செல் இரண்டாகும்போது இரண்டிலும் 46 அப்படியே இருக்கும். கருமுட்டையும் விந்தணுவும் உண்டாகும்போதும் அதே கணக்கு நீடித்தால், இரண்டும் சேர்ந்த கருவில் 92 ஆகிவிடும்; அடுத்த தலைமுறையில் 184. அந்தப் பெருக்கம் நேராதபடி, இனச்செல்கள் உருவாகும் இடத்தில் மட்டும், அதாவது பெண்ணின் சினையகத்திலும் ஆணின் விந்தகத்திலும் மட்டும், 46 என்பது 23 ஆகப் பாதியாகிறது. குன்றுவது குரோமோசோம்களின் எண்ணிக்கை. செல்லின் வலுவோ, தாயின் உடலோ, குழந்தையின் வளர்ச்சியோ அந்தச் சொல்லுக்குள் எங்கும் இல்லை.

இதை அந்தப் பெண்ணுக்கு வாயால் சொல்லிப் புரியவைக்க முடியவில்லை. சமையலறையிலிருந்து தீப்பெட்டியை எடுத்துவரச் சொன்னேன். நான்கு குச்சிகளை எடுத்து, இரண்டைக் கொளுத்தித் தலை கருகியதும் ஊதி அணைத்தேன். கருகாத இரண்டையும் நடுவில் நூலால் ஒரு முடிச்சுப் போட்டுக் கட்டினேன். கருகிய இரண்டையும் அப்படியே கட்டினேன். கருகாத கட்டு அம்மா வழி வந்த குரோமோசோம், கருகிய கட்டு அப்பா வழி வந்தது; இரண்டும் சேர்ந்து ஓர் இணை. ஒவ்வொரு கட்டிலும் இரண்டு குச்சிகள் இருப்பதற்குக் காரணம், பகுப்பு தொடங்குவதற்கு முன்பே செல் தன் டி.என்.ஏ.வை ஒருமுறை இரட்டித்து வைத்துக்கொள்கிறது என்பது. இந்தக் குச்சிகளுக்கு குரோமாட்டிட் என்று பெயர். முடிச்சு இருக்கும் இடத்துக்கு சென்ட்ரோமியர் என்று பெயர். குரோமோசோம்களை எண்ணுவது எப்படி என்று ஆய்வகத்துக்கு வரும் புதியவர்களுக்கு முதல் நாளிலேயே சொல்லிவிடுவோம்: குச்சியை எண்ணாதே, முடிச்சை எண்ணு.

மியாசிஸ் ஒரே பகுப்பல்ல. அடுத்தடுத்து நடக்கும் இரண்டு பகுப்புகள். முதலாவதில் அம்மா வழிக் கட்டும் அப்பா வழிக் கட்டும் அருகருகே வந்து ஒட்டி நின்று, தங்களுக்குள் துண்டுகளை மாற்றிக்கொண்டு (இதற்குக் குறுக்கேற்றம் என்று பெயர், தீக்குச்சியில் அதைக் காட்ட எனக்குச் சாமர்த்தியம் போதவில்லை), பிறகு ஆளுக்கொரு பக்கமாகப் போகின்றன. கட்டு அவிழ்வதில்லை. மேசையின் இந்தப் பக்கம் ஒரு முடிச்சு, அந்தப் பக்கம் ஒரு முடிச்சு. இரண்டு முடிச்சு இருந்த செல்லிலிருந்து ஒரு முடிச்சுள்ள இரண்டு செல்கள் வந்துவிட்டன. மனிதக் கணக்கில் 46 முடிச்சு 23 ஆகிவிட்டது. குன்றல் இங்கேயே முடிந்துவிடுகிறது. இரண்டாவது பகுப்பில் முடிச்சு அவிழ்ந்து, ஒரு கட்டில் இருந்த இரண்டு குச்சிகளும் ஆளுக்கொரு பக்கம் போகின்றன. ஒவ்வொரு குச்சியும் இனித் தனிக் குரோமோசோம் என்பதால் எண்ணிக்கை 23 ஆகவே நிற்கிறது. நடக்கும் முறையில் இது மைட்டாசிஸ் போன்றதே. தங்கள் கட்டுரையில் 'இரண்டாம் கட்டத்தில் குரோமோசோம்கள் பாதியாகின்றன' என்று அச்சாகியிருப்பது நான் குறிப்பிட்ட மூன்று பிழைகளில் மூன்றாவது. இரண்டாம் கட்டத்தில் பாதியாவது டி.என்.ஏ.வின் அளவு, குரோமோசோம்களின் எண்ணிக்கை முதற்கட்டத்திலேயே பாதியாகிவிட்டது. மாணவர்கள் தேர்வில் வழுக்கி விழும் இடமும் இதுவே என்பதால், நாளிதழ் ஒன்று அதைத் தவறாக அச்சிட்டால் பாதிக்கப்படுபவர்களில் பத்தாம் வகுப்புப் பிள்ளைகளும் உண்டு.

இனி டவுன் சிண்ட்ரோமுக்கு வருகிறேன். 21ஆம் குரோமோசோம் இரண்டுக்குப் பதிலாக மூன்று இருப்பது அதன் காரணம் என்று பிரான்சில் ழெரோம் லெழூனும் அவருடன் பணிபுரிந்தவர்களும் 1959இல் வெளியிட்டார்கள். நூற்றில் ஏறத்தாழ 95 குழந்தைகளில் அந்த மூன்றாவது குரோமோசோம் தனியாகவே நிற்கிறது. எஞ்சியவர்களில் அது வேறொரு குரோமோசோமோடு ஒட்டியிருக்கும், அல்லது உடலின் சில செல்களில் மட்டும் இருக்கும். மூன்றாவது எங்கிருந்து வந்தது? மேசைமேல் இருந்த இரண்டு கட்டுகளையும் சேர்த்து எடுத்து ஒரே பக்கத்தில் வைத்துக் காட்டினேன். பிரிந்திருக்க வேண்டிய இணை பிரியவில்லை. ஒரு பக்கம் 24, மறுபக்கம் 22. இருபத்து நான்குள்ள முட்டையோடு இருபத்து மூன்றுள்ள விந்தணு சேர்ந்தால் 47. பெரும்பாலும் தாயின் முட்டையில், அதிலும் முதல் பகுப்பில் இந்தப் பிழை நேர்கிறது என்று தெரியவந்திருக்கிறது. தந்தை வழியிலும், இரண்டாம் பகுப்பிலும் நேர்வது உண்டு. அப்படியானால், ஆசிரியர் அவர்களே, இந்தக் குழந்தைகளில் பெரும்பாலோரின் விஷயத்தில் நடந்திருப்பது என்ன? 21ஆம் இணையில் குன்றல் நடக்கவில்லை. குன்ற வேண்டியது குன்றாமல் முழுதாக வந்து சேர்ந்துவிட்டது. தங்கள் கட்டுரை குன்றலைக் குற்றவாளி ஆக்கியிருக்கிறது. குன்றல் தவறியதே குற்றம்.

இதைச் சொன்னபோது அந்தப் பெண் சிறிது நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "அப்போ எங்கிட்ட குறைஞ்சது ஒண்ணுமில்ல, கூடிட்டு. அப்படித்தான அண்ணாச்சி?" என்றார். நான் ஆய்வகத்தில் இருந்த காலத்தில் மருத்துவர்கள் எவரும் அவ்வளவு சுருக்கமாகச் சொல்லிக் கேட்டதில்லை.

அவருடைய அத்தை சொன்னதற்கும் ஒரு வார்த்தை எழுத வேண்டும். பெண்ணின் முட்டைச் செல்கள் மியாசிஸைத் தொடங்குவது அவள் தன் தாயின் வயிற்றில் இருக்கும்போதே. தொடங்கி, இணைகள் ஒட்டி நிற்கும் கட்டத்தில் அப்படியே நின்றுவிடுகின்றன. அவள் பூப்பெய்திய பிறகு மாதந்தோறும் ஒரு முட்டை முதிரும்போதுதான் முதல் பகுப்பு முடிகிறது; இரண்டாம் பகுப்பு, விந்தணு உள்ளே வந்த பிறகே முடிகிறது. 35 வயதுப் பெண்ணின் முட்டையில் அந்த இணைகள் முப்பத்தைந்து ஆண்டுகளுக்கும் மேலாகக் காத்து நின்றிருக்கின்றன. நாளாக நாளாக அவற்றைச் சேர்த்துப் பிடித்திருக்கும் பிடி தளர்வது பிழைக்கு ஒரு காரணம் என்று கருதப்படுகிறது. அதனால்தான் 35 வயதில் ஏறத்தாழ 350 பிறப்புக்கு ஒன்று என்றிருக்கும் வாய்ப்பு, 40 வயதில் ஏறத்தாழ 100க்கு ஒன்று என்று ஏறுகிறது; என்றாலும் குழந்தை பெறுபவர்களில் இளம் தாய்மாரே அதிகம் என்பதால், இருபதுகளில் இருப்பவர்களுக்கும் இத்தகைய குழந்தைகள் பிறக்கின்றன. கருவுற்ற பிறகு தாய் எத்தனை இட்லி சாப்பிட்டாள், எத்தனை சாப்பிடவில்லை என்பதற்கும் இதற்கும் தொடர்பில்லை. இணை பிரிந்ததும் பிரியாததும் அதற்கு முன்பே தீர்ந்துபோன கதை. தங்கள் கட்டுரை 'குன்றல் பகுப்பைத் தடுக்க' என்று தலைப்பிட்டு, அதன் கீழே கர்ப்பகாலச் சத்துணவைப் பற்றி ஒரு பத்தி எழுதியதால் எத்தனை வீடுகளில் மாமியார்களுக்குப் புது ஆயுதம் கிடைத்ததோ தெரியவில்லை.

கட்டுரையின் ஓரத்தில் வெளியிட்டிருக்கும் படத்தைப் பற்றியும் குறிப்பிட வேண்டும். இணை இணையாக அடுக்கிய குரோமோசோம்களின் படத்துக்குக் கீழே 'குன்றல் பகுப்பின்போது எடுக்கப்பட்டது' என்று விளக்கம் தந்திருக்கிறீர்கள். அத்தகைய படங்களை ஆயிரக்கணக்கில் தயாரித்தவன் என்ற முறையில் சொல்கிறேன்: அது ரத்தத்தின் வெள்ளணுக்களில் நடக்கும் மைட்டாசிஸ். நாங்கள் செய்வது இதுதான். கையில் ஊசி போட்டு எடுத்த சில மில்லி ரத்தத்தை வளர்கரைசலில் இட்டு, உடல் வெப்பத்தில் மூன்று நாள் வைக்கிறோம். வெள்ளணுக்கள் தாமாகப் பகுபடா. அவற்றைத் தூண்டச் சேர்க்கும் புரதம், நம் மும்பைக் கடைகளில் கிலோக் கணக்கில் விற்கும் ராஜ்மா இனத்து அவரை விதையிலிருந்து எடுக்கப்படுவது. பகுப்பு நடுவழியில் இருக்கும்போது அதை அப்படியே நிறுத்தி வைக்க கால்ச்சிசின் அல்லது அதற்கு நெருங்கிய மருந்து. கால்ச்சிசின் நம் செங்காந்தளிலும் உண்டு; கண்வலிக் கிழங்கு என்று கொங்கு நாட்டில் விதைக்காகப் பயிரிடுகிறார்களே, அதேதான். பிறகு செல்லை உப்பவைத்து, மெத்தனாலும் அசிட்டிக் அமிலமும் கலந்த கரைசலில் நிலைப்படுத்தி, குளிர்ந்த கண்ணாடித் தகட்டின்மேல் உயரத்திலிருந்து ஒரு சொட்டு விடுகிறோம். செல் விழுந்து விரியும், குரோமோசோம்கள் பரவும்.

அந்தச் சொட்டில் கைப்பழக்கம் எவ்வளவு இருக்கிறதோ அவ்வளவு பருவநிலையும் இருக்கிறது. ஜூலை மாத மும்பையில் வெளியே அடைமழை பெய்துகொண்டிருக்க, காற்றில் ஈரம் ஏறித் தகடு காய நேரமாகும். குரோமோசோம்கள் அளவுக்கு மீறிப் பரவி, ஒன்றிரண்டு பக்கத்துச் செல்லோடு போய்ச் சேர்ந்துவிடும். எண்ணினால் 45 வரும். வேலைக்குச் சேர்ந்த முதல் மழைக்காலத்தில் நான் அப்படி எண்ணிவிட்டு மூத்தவரிடம் ஓடினேன். அவர் தகட்டைப் பார்த்துவிட்டு, "குறைந்தது குரோமோசோம் இல்லை, உன் பொறுமை" என்றார். அன்றிலிருந்து ஒரு செல்லை நம்பி எண்ணியதில்லை. இருபது செல்களாவது எண்ணிய பிறகே அறிக்கை எழுதுவோம். மனிதனுக்குக் குரோமோசோம் 48 என்று முப்பது ஆண்டுகளுக்கு மேல் உலகமே நம்பியிருந்தது. 46தான் என்று ட்ஜியோவும் லெவானும் அறிவித்தது 1956இல். எண்ணுவது அவ்வளவு எளிதல்ல என்பதால் நாளிதழ்களின் பிழையை நான் பெரிதாகக் கண்டிக்கவில்லை. ஆனால் அந்தப் பெண்ணின் மகளுக்கு வந்த '47, எக்ஸ் எக்ஸ், கூட்டல் 21' (மொத்தம் 47 குரோமோசோம்கள், பெண் குழந்தை, 21ஆவது ஒன்று கூடுதல்) என்ற அறிக்கை, குழந்தையின் ரத்தச் செல்கள் மைட்டாசிஸில் இருக்கும்போது எடுத்த கணக்கு என்பதையும், பிழை நேர்ந்தது அதற்கும் வெகு முன்னால், வேறோர் உடலில், வேறொரு வகைப் பகுப்பில் என்பதையும் படத்தின் விளக்கம் குழப்பிவிட்டது. மியாசிஸைக் கண்ணால் காண விரும்பும் மாணவர்களுக்குக் கல்லூரியில் வெங்காயத்தின் பூமொட்டைக் கொடுப்பார்கள். அதே வெங்காயத்தின் வேர்நுனியில் மைட்டாசிஸ். வேரில் 16, மகரந்தத்தில் 8. ஒரே செடியில் இரண்டு கணக்கும் கிடைக்கும்.

சொல்லுக்கு வருகிறேன். மியாசிஸ் என்ற பெயரை ஃபார்மர், மூர் என்ற இருவர் 1905இல் வழங்கினார்கள்; கிரேக்க மொழியில் அதற்குக் குறைதல் என்று பொருள். அந்த வகையில் 'குன்றல்' மூலத்துக்கு மிக நெருக்கமான மொழிபெயர்ப்பு. ஆக்கியவரைக் குறை சொல்ல இடமில்லை. பெயர் வருவதற்கு முன்பே செயல் கண்டறியப்பட்டிருந்தது. 1883இல் வான் பெனடன் குதிரையின் குடற்புழுவில் முட்டையும் விந்தும் பாதி எண்ணிக்கையோடு வந்து சேர்வதைப் பார்த்திருந்தார். எண்ணிக்கையைப் பாதியாக்கும் ஒரு பகுப்பு இருந்தே தீர வேண்டும் என்று 1887இல் வைஸ்மன் வாதிட்டிருந்தார். மைட்டாசிஸ் என்ற சொல்லை ஃபிளெமிங் 1882இல் ஆக்கியது இழை என்ற பொருளுடைய கிரேக்கச் சொல்லிலிருந்து. அதை நம் பாடநூல்கள் 'மறைமுகப் பகுப்பு' என்று எழுதிவந்தன. அதில் மறைந்திருப்பது எதுவுமில்லை, மறைமுகத் தேர்தல் போல் ஏதோ என்று என் பேரன் நினைத்திருந்தான். இலங்கைத் தமிழர்கள் அதனை 'இழையுருப்பிரிவு' என்கிறார்கள். அது நம் சொல்லைவிடப் பன்மடங்கு மேல் என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும்.

ஆனால் மியாசிஸுக்கு அவர்கள் வழங்கும் 'ஒடுக்கற்பிரிவு' என்ற சொல்லைத் தாராவியில் நான் பாடம் சொல்லிக்கொடுக்கும் பிள்ளைகள் முன் ஒருமுறை எழுதிப்போட்டேன். ஒடுக்கப்பட்ட பிரிவினரைப் பற்றிய சமூக அறிவியல் பாடம் தொடங்கப்போகிறது என்று எண்ணிப் புத்தகத்தை மாற்றி எடுத்துவிட்டார்கள். சொற்களின் பாடு அப்படி. ஓர் ஊரில் வெறும் சொல்லாக இருப்பது இன்னோர் ஊரில் வரலாற்றைச் சுமந்துகொண்டு வருகிறது. 'பாதிப் பகுப்பு' என்று வைக்கலாமே என்று நண்பர் ஒருவர் யோசனை சொன்னார். வேகமாகப் படிப்பவர் கண்ணுக்கு அது பாதிப்பு என்று தெரியும், பழைய இடத்துக்கே வந்து நிற்போம். நம்மைச் சுற்றியுள்ள மராத்திப் பிள்ளைகள் 'அர்தகுணசூத்ரி விபாஜன்' என்று படிக்கிறார்கள். வாய்க்குள் நுழையச் சிரமமான சொல்தான். ஆனால் குணசூத்ரம் என்பது அவர்கள் மொழியில் குரோமோசோம். பாதிக் குரோமோசோம் ஆக்கும் பகுப்பு என்று பெயரிலேயே எழுதி ஒட்டியிருக்கிறது. எது குறைகிறது என்று அந்தப் பெயரைக் கேட்டவர் எவரும் கேட்க வேண்டியதில்லை. நம் சொல்லில் குறைதல் இருக்கிறது. குறைவது எது என்பது இல்லை. எழுவாய் இல்லாத அந்த இடத்தில், படிப்பவர் தம் மனத்தில் இருக்கும் எழுவாயை வைத்துக்கொள்கிறார். அந்தப் பெண் தன்னையே வைத்துக்கொண்டார்.

இதற்காகக் 'குன்றல் பகுப்பு' என்ற சொல்லைக் கைவிட வேண்டும் என்று நான் கேட்கவில்லை. தமிழ்நாட்டில் பள்ளிப் படிப்பை முடித்த பலர் அந்தச் சொல்லைத் தேர்வில் எழுதி மதிப்பெண் பெற்றிருக்கிறார்கள். அதிலுள்ள 'பகுப்பு' என்ற பாதி எனக்கு மிகவும் பிடித்தது. பிரிவு என்றால் விலகிப்போவது. பகுப்பு என்றால் பங்கிட்டுக் கொடுப்பது. செல்லில் நடப்பது பங்கீடு. வகுப்பறையில் ஆசிரியர் அருகில் இருக்கிறார், கரும்பலகை இருக்கிறது, அந்தச் சொல் அங்கே தவறான பொருள் தராது. ஞாயிற்றுக்கிழமை இணைப்பைத் தேநீரோடு படிப்பவருக்கு அந்தத் துணை இல்லை. ஆகவே நாளிதழில் அந்தச் சொல் முதன்முறை வரும் இடத்தில் 'குரோமோசோம் எண்ணிக்கை பாதியாகும் குன்றல் பகுப்பு' என்று நான்கைந்து சொற்களில் நிறைவாக எழுதிவிட்டு, பிறகு சுருக்கமாக ஆளலாம். தலைப்பில் அதைத் தவிர்ப்பது நல்லது. குழந்தையின் நிலையைப் பற்றிப் பேசும் வாக்கியத்தில் 'வளர்ச்சி குன்றிய' என்ற தொடரை அதன் பக்கத்தில் வைக்கவே கூடாது; அந்தத் தொடரை விட்டொழிக்க வேறு நல்ல காரணங்களும் இருக்கின்றன. இணை பிரியாமல் போகும் பிழைக்குப் பெயர் வேண்டுமானால் 'பிரியாமை' என்ற எளிய சொல் இருக்கிறது. பிழையைப் பிழையின் பெயரால் அழைத்தால், பகுப்பின் பெயர் பழி சுமக்காது.

திருத்தம் வெளியிடத் தாங்கள் முடிவு செய்தால், முதல் பக்கத்தில் வேண்டாம். அதே ஞாயிறு இணைப்பில், அதே பக்கத்தில், கத்தரிக்க வசதியாகக் கட்டம் கட்டி வெளியிடுங்கள். முதல் கட்டுரையை அந்தப் பெண் இன்னும் தூக்கிப் போடவில்லை. மகளின் அறிக்கைக் கோப்பில், 47 என்று எழுதிய தாளுக்கு அடுத்து, நூல் கட்டிய இரண்டு தீக்குச்சிக் கட்டுகளோடு சேர்த்து வைத்திருக்கிறார். அத்தை ஊரிலிருந்து வரும்போது எடுத்துக் காட்ட வேண்டுமாம்.

தங்கள் நெடுநாள் வாசகன்,
ஓய்வுபெற்ற ஆய்வகத் தொழில்நுட்பர்,
சயான் கோலிவாடா, மும்பை.